வேட்டு இல்லாத நாள்

எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் என்னோடு ஒன்றாம் வகுப்பில் சேர்ந்தவர்களில் பாதிக்கு மேல் ஜூன் ஒன்றாம் தேதி பிறந்தவர்கள். ஒரே ஊர், ஒரே தேதி, ஒரே வருஷம். அன்றைக்கு மட்டும் எங்கள் தெருவில் வீட்டுக்கு வீடு பிரசவம் பார்த்திருக்கிறார்கள் போல. இதைச் சொன்னால் கல்லூரிச் சிநேகிதிகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்கள். எனக்குச் சிரிப்பு வந்ததே இல்லை. பற்றிக்கொண்டுதான் வரும்.

அரியலூரைச் சுற்றியிருக்கும் சுண்ணாம்புக்கல் சுரங்கங்களை நாங்கள் மைன்ஸ் என்போம். அப்பாவும் அம்மாவும் அங்கே லாரிக்குக் கல் ஏற்றும் கூலி வேலைக்குப் போனார்கள். இருவருக்கும் எழுதப் படிக்கத் தெரியாது. பிள்ளை எப்போது பிறந்தது என்று எங்கள் தெருவில் கேட்டால் கடலை பிடுங்கும்போது என்பார்கள், பெரிய மழைக்கு மறுவாரம் என்பார்கள். கொஞ்சம் துருவிக் கேட்டால் நாளே கிடைத்துவிடும். ஆனால் துருவ யாருக்குப் பொறுமை? ஹெட்மாஸ்டர் பேனாவைத் திறப்பார், ஜூன் ஒன்று என்று எழுதுவார், அடுத்த ஆளைக் கூப்பிடுவார்.

என் கதை அதைவிட மோசம். அக்காவுக்கு ஐந்து வயது முடிந்து பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போனார்கள். அதுவரை என்னை இடுப்பில் தூக்கிக்கொண்டு திரிந்தவள் அவள்தான். அவள் போய்விட்டால் என்னைப் பார்த்துக்கொள்ள ஆள் இல்லை. அம்மா என்னையும் கூட்டிக்கொண்டு போய் நிறுத்தினாள். எனக்கு மூன்றேகால் வயது.

அந்தக் காலத்தில் வயதைச் சோதிக்க ஒரு வழி வைத்திருந்தார்கள். வலது கையைத் தலைக்கு மேலே சுற்றி இடது காதைத் தொட வேண்டும். அக்கா தொட்டாள். என் கை உச்சந்தலையோடு நின்றுவிட்டது. பிள்ளைகளின் எண்ணிக்கை குறைந்தால் ஒரு வாத்தியார் இடம் போய்விடும் என்று ஹெட்மாஸ்டருக்குக் கவலை. அவரே என் தலையைப் பிடித்துச் சாய்த்து, விரலை இழுத்துக் காதில் வைத்தார்.

"தொட்டுருச்சு பாருங்க. ரெண்டையும் ரெட்டப் புள்ளைன்னு போட்டுடுறேன்."

"போடுங்க சார், உங்களுக்குத் தெரியாததா" என்றாள் அம்மா.

அப்படித்தான் நானும் அக்காவும் ஒரே நாளில் பிறந்தோம். என் ஆயுசில் ஒன்றே முக்கால் வருஷத்தை ஒரு மனுஷன் உட்கார்ந்த இடத்தில் கூட்டிவிட்டார். கேட்க நாதியில்லை. ஐந்து வயதுப் பிள்ளைகளுக்கு நடுவே உட்கார்ந்து, சிலேட்டில் அ போடத் தெரியாமல் முட்டியில் அடி வாங்கினேன். "உன் ரெட்டை எழுதுறா, உனக்கு என்ன கேடு" என்று வாத்தியார் கேட்பார். அக்கா தன் சிலேட்டில் எழுதி முடித்துவிட்டு, என் சிலேட்டை வாங்கி அதிலும் எழுதுவாள்.

1995இல் எனக்குப் பத்து வயது. ஆனால் எட்டாம் வகுப்பு. அந்த வருஷம் பாண்ட் போட்ட ஒரு ஆள் கையில் சுத்தியலோடு எங்கள் ஊர்ப் பழைய குழிக்கு வந்தார். அது கல் எடுத்து முடித்துக் கைவிட்ட மைன்ஸ் குழி. மழைக்காலத்தில் தண்ணீர் நிற்கும். அவர் சுவரில் தட்டித் தட்டி, நத்தை மாதிரிச் சுருண்ட ஒரு கல்லை எடுத்துக் காட்டினார்.

"இங்கல்லாம் ஒரு காலத்துல கடல் இருந்துச்சு, தெரியுமா?"

எங்களுக்கு எங்கே தெரியும்? கொள்ளிடத்தையே திருவிழாவுக்குத் திருவிழாதான் பார்ப்போம். அவர் போன பிறகு நாங்களே தேடினோம். கிளிஞ்சல் கிடைத்தது, நண்டுக் கால் போல ஒன்று கிடைத்தது, மீன்பல் கிடைத்தது. கடல் இருந்தால் அதில் ஜனங்களும் இருந்திருக்க வேண்டும் என்று அக்கா முடிவு கட்டினாள். அவர்கள் எங்கேயும் போகவில்லை, நம் காலுக்குக் கீழேதான் குடியிருக்கிறார்கள் என்று நான் முடிவு கட்டினேன். அந்த நாட்டுக்கு அடிக்கடல் என்று பேர் வைத்தோம். ராணிக்கு மூன்று வரிசை மீன்பல். அங்கே ஹெட்மாஸ்டர் கிடையாது. அது என் சட்டம்.

பிறகுதான் சிக்கல் வந்தது. பூமிக்கு அடியில் சூரியன் ஏது, நாள் எப்படித் தெரியும்? அக்கா இரண்டு நாள் யோசித்தாள். மைன்ஸில் தினமும் மத்தியானம் சங்கு ஊதும், சிவப்புக் கொடி ஏறும், பாறையை உடைக்க வேட்டு வைப்பார்கள். வீட்டில் டம்ளரெல்லாம் ஆடும். பூமிக்கு மேலே எங்களுக்கே இப்படி என்றால் கீழே இருப்பவர்களுக்கு எப்படிக் கேட்கும்! அதனால் அடிக்கடலில் ஒரு வேட்டு ஒரு நாள் என்று வைத்தோம். நத்தைக் கல்லில் இருபத்தொரு வரி இருந்தது. இருபத்தொரு வேட்டு ஒரு மாதம். பதினான்கு மாதம் ஒரு வருஷம். நத்தை மாதம், கிளிஞ்சல் மாதம், நண்டு மாதம், மீன்பல் மாதம், உப்பு மாதம் என்று பேர் வைத்துக்கொண்டே போனோம். குழியில் முதல் தண்ணீர் நின்றால் வருஷம் பிறக்கும். பதினான்கு மாதம் முடிந்தும் மழை வரவில்லையென்றால், வரும்வரை எல்லாம் சும்மா நாள். சும்மா நாளில் சாப்பிடலாம், தூங்கலாம், வேலை செய்யக் கூடாது.

ஞாயிற்றுக்கிழமை வேட்டு கிடையாது. பொங்கலுக்குக் கிடையாது, ஸ்ட்ரைக் வந்தால் கிடையாது. அன்றைக்கெல்லாம் அடிக்கடலில் காலம் நகராது. யாருக்கும் வயது ஏறாது. வேட்டு இல்லாத நாளில் வாங்கிய அடி கணக்கில் வராது, போட்ட சண்டை கணக்கில் வராது, எது நடந்தாலும் நடக்காததுதான். ஞாயிற்றுக்கிழமை அம்மா விளக்குமாற்றால் அடித்தால், அக்கா என் காதில் "இன்னைக்கு வேட்டு இல்ல" என்பாள். நான் அழுகையை நிறுத்திவிடுவேன்.

அடிக்கடலில் பெரிய சட்டம் ஒன்று இருந்தது. ஒரு நாள் ஒருத்தருக்குத்தான் சொந்தம். ஒருவர் பிறந்த நாளில் இன்னொருவர் பிறக்கவே முடியாது. ஜூன் ஒன்றின் மேல் இருந்த ஆத்திரத்தில் போட்ட சட்டம் அது. சட்டம் போட்டாயிற்று, இப்போது என்னுடைய நாள் எது?

அம்மாவிடம் கேட்டுக் கண்டுபிடித்தவள் அக்காதான். அம்மா நல்ல மனநிலையில் இருக்கும்போது, தலையில் பேன் பார்த்துக்கொண்டே பேச்சுக் கொடுத்தாள்.

"ஏம்மா, இவ எப்பப் பொறந்தா?"

"மாசி மகத்துக்கு மொத நாளு. விடிஞ்சா திருமழபாடிக்குத் தீர்த்தவாரிக்குப் போவணும்னு தலைக்குக் குளிச்சுட்டு வந்தேன், வலி எடுத்துருச்சு. போவ வுட்டாளா சண்டாளி!"

"அப்ப எனக்கு எத்தன வயசு?"

"ரெண்டு ஆவ ஒரு மாசம் இருந்துச்சு. நீதான் தத்தக்கா பித்தக்கான்னு ஓடிப் போயி பக்கத்து வூட்டுக்காரிய இழுத்தாந்த."

பார்த்தீர்களா? அம்மாவுக்கு எல்லாம் தெரிந்திருந்தது. கேட்டவர்தான் இல்லை. மீன்பல் மாதம் ஒன்பதாம் வேட்டை எனக்கு என்று எழுதினோம். நான் பிறந்த வருஷத்தை அடிக்கடலுக்கு மூன்றாம் வருஷம் என்றும் அக்கா பிறந்ததை முதல் வருஷம் என்றும் வைத்தோம். கோடு போடாத நோட்டில் தினமும் தேதி எழுதி, வேட்டு கேட்டதும் பக்கத்தில் ஒரு புள்ளி வைப்பாள் அக்கா. நோட்டுத் தீர்ந்தால் கோணி ஊசியால் அடுத்த நோட்டைச் சேர்த்துத் தைப்பாள். பத்தாவதோடு அவளைப் படிப்பை நிறுத்தி வேலைக்கு அனுப்பிவிட்டார்கள். அப்போதும் புள்ளி நிற்கவில்லை. நான் பிளஸ் டூ முடித்துக் கல்லூரியில் சேர்ந்த பிறகும் நிற்கவில்லை.

2001இல் நான் இரண்டாம் வருஷம் படித்துக்கொண்டிருந்தேன். வேப்பந்தட்டைப் பக்கத்திலிருந்து அண்ணன் தம்பி இருவருக்குப் பெண் கேட்டு வந்தார்கள். பருத்தி போடுகிற குடும்பம். அண்ணனுக்கு அக்கா, தம்பிக்கு நான். ஒரே பந்தல், ஒரே சமையல். அப்பாவுக்கு வாயெல்லாம் பல்.

"சட்டப்படி பண்ணணும்னுதான் ஜூன் முடியட்டும்னு காத்திருந்தேன். ரெண்டு பேருக்கும் பதினெட்டு முடிஞ்சிருச்சு" என்று தெருவெல்லாம் சொன்னார். ஒரு பொய்த் தேதிக்காகப் பொறுமையாகக் காத்திருந்த மனுஷனை நான் என்னவென்று திட்டுவது?

அக்காவுக்குப் பதினெட்டு முடிந்தது உண்மை. எனக்குப் பதினாறு. நான் படிக்க வேண்டும் என்று அழுதேன், சாப்பிடாமல் கிடந்தேன், ஒன்றும் நடக்கவில்லை. இதில் ஜோசியர் வேறு. மாப்பிள்ளை வீட்டார் பெரம்பலூரில் ஒருவரிடம் போனார்கள். அவர் எங்கள் டி.சி.யில் இருந்த தேதியை வைத்து ஜாதகம் எழுதினார். ஹெட்மாஸ்டரின் பேனாவில் பிறந்த தேதிக்கு ராசி, நட்சத்திரம், கட்டம், எல்லாம்! இருவருக்கும் ஒரே ஜாதகம் வராமல் என்ன செய்யும்? "ரெட்டப் புள்ளைங்க, ஒரே வூட்டுக்குத்தான் வாழப் போவும்னு எழுதிருக்கு" என்றாராம். ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பார்கள். எங்கள் வீட்டில் அந்தச் சுரைக்காயை அறுத்து, தாளித்து, பந்தியே போடப் பார்த்தார்கள்.

கல்யாணத்தை நிறுத்தச் சொல்லி நான் மனு எழுதினேன். அந்த வருஷம்தான் அரியலூரைப் பெரம்பலூரிலிருந்து பிரித்துத் தனி மாவட்டம் ஆக்கியிருந்தார்கள். ஒரு ஆபீஸில் இன்னொரு ஆபீஸைக் கைகாட்டினார்கள், அங்கே போனால் திரும்ப இங்கே கைகாட்டினார்கள். பஸ்ஸில் நாலு தரம் அலைந்த பிறகு சமூகநலத் துறையிலிருந்து ஒரு மேடம் ஜீப்பில் வீட்டுக்கு வந்தார். அப்பா டி.சி.யை எடுத்து நீட்டினார். மேடம் படித்தார்.

"பதினெட்டு முடிஞ்சிருச்சேம்மா. அப்புறம் என்ன பிரச்சினை?"

"அது பொய் மேடம். ஹெட்மாஸ்டர் எழுதுனது. எனக்குப் பதினாறுதான்."

"ஆதாரம் இருக்கா?"

நான் உள்ளே ஓடிப்போய் நோட்டுகளை எடுத்து வந்தேன். இன்றைக்கு நினைத்தாலும் உடம்பு கூசுகிறது. ஒரு அரசாங்க அதிகாரியிடம் மீன்பல் மாதம் ஒன்பதாம் வேட்டைக் காட்டிக்கொண்டு நின்றேன். அவர் இரண்டு பக்கம் புரட்டினார், சிரித்தார்.

"கத நல்லா எழுதுற. இது என்ன, வேட்டு இல்லன்னா நாளே நகராதா?"

"உங்க டி.சி.யில ஒன்னே முக்கா வருஷம் ஒரே நிமிஷத்துல நகந்துருச்சே மேடம், அத மட்டும் நம்புறீங்களே?"

மேடத்துக்குச் சிரிப்பு போய்விட்டது. அம்மா பக்கம் திரும்பினார். "நீங்க சொல்லுங்கம்மா. இந்தப் பொண்ணு எப்பப் பொறந்துச்சு?"

அம்மா அப்பாவைப் பார்த்தாள். மாசி மகம் தெரியும், திருமழபாடி தெரியும், வலி எடுத்த நேரம் தெரியும். "சார் எழுதுனதுதாங்க" என்றாள். பெற்ற வாயால் சொன்னாள். மேடம் ஒரு காகிதத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டு ஜீப்பில் ஏறிப் போய்விட்டார். அம்மாவை அதற்காக நான் வெகுநாள் மன்னிக்கவில்லை. இப்போதும் முழுசாக மன்னித்தேன் என்று சொல்ல மாட்டேன்.

ஆவணி பிறந்ததும் நிச்சயத்துக்கு வந்தார்கள். இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். அக்காவுக்கு அந்த அண்ணனைப் பிடித்திருந்தது. ஒரு நாள் அரியலூர் பஸ் ஸ்டாண்டில் தற்செயலாகப் பார்த்தபோது, "உனக்கு என்ன புடிக்கும்?" என்று கேட்டிருக்கிறான். அதுவரை அவளிடம் யாரும் அப்படிக் கேட்டதில்லை, நான் உட்பட. ஒரு வாரம் அதையே சொல்லிக்கொண்டிருந்தாள். என்ன பதில் சொன்னாய் என்றால் சொல்ல மாட்டாள், முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

தட்டு வைத்தாயிற்று. மாப்பிள்ளைகளின் அம்மா தாம்பாளத்தைக் கையில் எடுத்தார். நான் உள்ளே சேலையைச் சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அக்கா யாரும் கூப்பிடாமலே கூடத்துக்குப் போய் நின்றாள்.

"அத்த, ஒன்னு சொல்லணுங்க. நாங்க ரெட்டப் புள்ளைங்க இல்ல."

அந்த அம்மாள் தாம்பாளத்தோடு அவள் பக்கம் திரும்பினார்.

"இவள நான் இடுப்புல தூக்கி வளத்தவ. ரெட்டப் புள்ளையில ஒன்ன ஒன்னு இடுப்புல தூக்குமா? இவ பொறந்தது மாசி மகத்துக்கு மொத நாளு. வேணும்னா எங்கம்மாவக் கேளுங்க."

அப்பா "ஏய்!" என்று எழுந்தார். ஆனால் அந்த அம்மாள் விரலை மடக்க ஆரம்பித்துவிட்டார். "மகத்துக்கு மொத நாளா? பூசம், ஆயில்யம், மகம்..." விரல் நின்றது. "ஆயில்யமா! ஆயில்யம் மாமியாருக்கு ஆவாதே!" தாம்பாளத்தைத் தரையில் வைத்துவிட்டார். பிறகு அக்காவைப் பார்த்துக் கேட்டார். "அப்ப உன் தேதி?"

அவள் சும்மா இருந்திருக்கலாம். என்னுடையது சரியான தேதி என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவள் கல்யாணமாவது தப்பியிருக்கும். யார் கேட்கப் போகிறார்கள்?

"என்னுதும் சார் எழுதுனதுதாங்க. ரெண்டு ஜாதகமும் பொய்தான்."

அண்ணன்காரன் வாசல்படியில் நின்று அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். வாயில் கொழுக்கட்டையா வைத்திருந்தான்? அவன் அம்மா எழுந்ததும் பின்னாலேயே போய்விட்டான். அடுத்த முகூர்த்தத்திலேயே வேறு இடத்தில் தாலி கட்டினான் என்று கேள்விப்பட்டோம்.

என் கல்யாணம் நின்றது. எனக்குப் பதினாறு வயது என்பதற்காக நிற்கவில்லை. அதை அந்தக் கூடத்தில் ஒரு ஆள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. எந்தச் சட்டம், எந்த மனு, எந்த ஜீப்பு நிறுத்தியது? ஒரு நட்சத்திரம் நிறுத்தியது! அந்த நட்சத்திரம் தப்பித்தவறிப் பூசமாக இருந்திருந்தால் இன்றைக்கு நான் வேப்பந்தட்டைப் பக்கம் பருத்தி எடுத்துக்கொண்டிருப்பேன். எனக்கு ஆறவே ஆறாத ஆத்திரம் இதுதான்.

அவர்கள் போனதும் அப்பா அக்காவை அறைந்தார். அதற்கு முன் அவர் அவளைத் தொட்டதில்லை. அவள் அழவில்லை. கொஞ்ச நேரத்தில் மைன்ஸில் சங்கு ஊதியது, வேட்டு வைத்தார்கள். விருந்துக்கு எடுத்து வைத்த டம்ளர்களெல்லாம் தட்டில் கிடுகிடுவென்று ஆடியது எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது.

அன்றைக்குச் சாயங்காலம் கேட்டேன். "ஆயில்யம்னு உனக்கு முன்னாடியே தெரியுமாக்கா?"

"தினக் காலண்டர்ல பாத்தேன். வயசச் சொன்னா கேக்க மாட்டாங்கடி. நட்சத்திரத்தச் சொன்னா கேப்பாங்க."

அதன் பிறகு அவளுக்கு மூன்று வருஷம் வரன் வரவில்லை. நிச்சயத்தில் நின்ற பெண், கூடத்துக்கு வந்து வாயாடியவள் என்று பேர். நான் டிகிரி முடித்தேன், பி.எட். முடித்தேன். அவள் காட்டு வேலைக்குப் போனாள். 2004இல்தான் பெரம்பலூர்ப் பக்கம் ஒருவர் வந்து கட்டிக்கொண்டார். நல்ல மனுஷன். ஆனால் உனக்கு என்ன பிடிக்கும் என்று அவர் கேட்டாரா என்று எனக்குத் தெரியாது. நானும் கேட்கவில்லை.

இடையில் 2002இல் எங்கள் மாவட்டத்தைத் திரும்பப் பெரம்பலூரோடு ஒட்டினார்கள். 2007இல் மறுபடியும் பிரித்தார்கள். போட்ட எல்லைக் கோட்டை அழிக்கலாம், அழித்த கோட்டை மறுபடி போடலாம். என் பிறந்த தேதியை மட்டும் மாற்ற முடியாதாம். ஆசிரியர் வேலைக்கு விண்ணப்பிக்கப் போனபோது அங்கே உட்கார்ந்திருந்தவர், "டி.சி.யில உள்ளதுதான்மா உங்க வயசு" என்றார். அந்தக் கோபத்தோடு வீட்டுக்கு வந்து, டி.சி.யைத் தேடி டிரங்குப் பெட்டியைக் கவிழ்த்தேன். அடியில் நோட்டுகள் இருந்தன.

அக்கா இரண்டாவது பிரசவத்துக்காக வீட்டுக்கு வந்திருந்தாள். சுவரில் சாய்ந்து கால் நீட்டி உட்கார்ந்திருந்தாள். நான் கடைசி நோட்டைப் பிரித்தேன். நிச்சயம் நின்ற நாளைத் தேடினேன். அதற்கு முன்னும் பின்னும் புள்ளி இருந்தது. அந்த நாளுக்குப் புள்ளி இல்லை. அவள் கையெழுத்தில் எழுதியிருந்தது: இன்று வேட்டு இல்லை.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "ஏக்கா, பொய் எழுதி வெச்சிருக்க? அன்னைக்கு வேட்டு வெச்சாங்க. டம்ளரெல்லாம் ஆடுச்சு. நான்தான் கேட்டேனே!"

"நானுந்தான் கேட்டேன்."

"அப்புறம் ஏன் இப்புடி எழுதுன? ஆறு வருஷ நோட்டுல இது ஒன்னுதான் பொய்!"

அக்கா நோட்டை வாங்கினாள். பிறகு மூடி மடியில் வைத்துக்கொண்டாள்.

"அந்த ஹெட்மாஸ்டர் உன் ஆயுசுல ஒன்னே முக்கா வருஷத்தக் கூட்டி எழுதுனாரு. அத இந்த ஊரே ஒத்துக்கிட்டுச்சு. என் ஆயுசுல ஒரே ஒரு நாள நான் கழிச்சு எழுதக் கூடாதாடி?"